மெரினாவில் கடலுக்கு முதுகு காட்டி ஒரு நடை!

மெரினாவுக்குப் போகிற எல்லோரும் செய்வது ஒன்றுதான். பஸ்ஸை விட்டு இறங்கியதும் நேராக மணலை நோக்கி நடப்போம். அலையில் கால் நனைப்பு, சுண்டல், மிளகாய் பஜ்ஜி, நாலு செல்ஃபி. திரும்பும்போது இருட்டிவிடும். சாலையின் இந்தப் பக்கம் வரிசையாக நிற்கும் பழைய கட்டடங்களை, 'ஏதோ காலேஜ் போல' என்று ஒரு பார்வை பார்த்துவிட்டு வீட்டுக்குக் கிளம்பிவிடுவோம்.

அந்த 'ஏதோ காலேஜ்' வரிசையைப் பார்ப்பதற்கென்றே சென்னையில் காலை நடைகள் நடக்கின்றன. குறிப்பாக, ஆகஸ்ட் 22 மெட்ராஸ் தினத்தை ஒட்டிய நாள்களில் வரலாற்று ஆர்வலர்கள் ஆளுக்கொரு பகுதியை எடுத்துக்கொண்டு மக்களைக் கூட்டிப் போகிறார்கள். தாத்தா, பாட்டி, காலேஜ் பசங்க, அம்மாவின் விரலைப் பிடித்த வாண்டுகள் என்று கலவையான கூட்டம் வரும்.

இந்த நடைகளில் கல்விக்கூடங்களுக்கென்றே ஒரு பாதை உண்டு. சேப்பாக்கத்தில் சென்னைப் பல்கலைக்கழகத்தில் தொடங்கி, காமராஜர் சாலை வழியாக ராணி மேரி கல்லூரி வரை. தூரம் சுமார் 2 கிலோமீட்டர்தான். ஆனால், நின்று நின்று கதை கேட்டுக்கொண்டு போனால் இரண்டரை மணி நேரம் ஆகிவிடும். கடலை இடது பக்கம் வைத்துக்கொண்டு, கண்ணை மட்டும் வலது பக்கம் திருப்புங்கள். நடக்கலாம்.

நவாப் தோட்டத்தில் ஒரு பல்கலைக்கழகம்

முதல் நிறுத்தம், செனட் ஹவுஸ். வாலாஜா சாலை கடற்கரையைத் தொடும் இடத்தில், உழைப்பாளர் சிலைக்கு எதிர்ப் பக்கம், நான்கு மூலையிலும் கோபுரமும் குவிமாடமுமாக நிற்கிறதே, அதுதான்.

இந்த இடம் முழுக்க ஒரு காலத்தில் ஆற்காடு நவாபின் அரண்மனைத் தோட்டம். நவாப் முகமது அலி வாலாஜா 1768-இல் சேப்பாக்கத்தில் அரண்மனை கட்டிக் குடியேறினார். 1855-இல் அந்த வம்சத்தின் கடைசி நவாப் ஆண் வாரிசு இல்லாமல் இறந்தபோது, வாரிசில்லாத அரசு கம்பெனிக்குச் சொந்தம் என்று ஆங்கிலேயர்கள் எடுத்துக்கொண்டார்கள். அரண்மனை ஏலத்துக்கு வந்தது. அதையும் அரசாங்கமே வாங்கிக்கொண்டது.

அதற்குள் பல்கலைக்கழகம் பிறந்துவிட்டது. சென்னைப் பல்கலைக்கழகம் சட்டப்படி உருவான நாள் 1857 செப்டம்பர் 5. வட இந்தியாவில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்த அதே வருடம். கல்கத்தா, பம்பாய், சென்னை மூன்றும் ஒரே ஆண்டில் பிறந்த உடன்பிறப்புகள்.

பிறந்த குழந்தைக்கு வீடு கட்டத்தான் நாளானது. 1864-இல் செனட் ஹவுஸுக்கும் மாநிலக் கல்லூரிக்கும் வரைபடப் போட்டி வைத்தார்கள். இரண்டிலும் ஜெயித்தவர் ராபர்ட் ஃபெல்லோஸ் சிஷோம் என்ற இளைஞர். அப்போது அவருக்கு இருபதுகளின் நடுவயது. செனட் ஹவுஸ் வேலை 1874-இல் தொடங்கி 1879-இல் முடிந்தது. குவிமாடங்களைப் பார்த்தால் மசூதி ஞாபகம் வரும். வளைவுகளிலும் தூண்களிலும் ஐரோப்பிய வாடை அடிக்கும். இரண்டையும் குழைத்துக் கட்டும் இந்தப் பாணிக்கு இந்தோ-சரசனிக் என்று பெயர். வண்ணக் கண்ணாடி ஜன்னல்கள் வழியாக வெளிச்சம் விழும் பெரிய மண்டபம் உள்ளே இருக்கிறது.

இந்த மண்டபத்தில் பட்டம் மட்டும் கொடுக்கவில்லை. 1937 தேர்தலுக்குப் பிறகு சென்னை மாகாண சட்டமன்றம் முதலில் கூடியதும் இங்கேதான். அப்போது ஆட்சிக்குத் தலைமையேற்றிருந்த ராஜாஜி, இதே சாலையில் இருக்கும் மாநிலக் கல்லூரியில் சட்டம் படித்தவர்.

பிற்காலத்தில் செனட் ஹவுஸ் பல வருடம் கவனிப்பாரற்றுக் கிடந்தது. பல்கலைக்கழகத்தின் 150-வது ஆண்டு நெருங்கியபோதுதான் விழித்துக்கொண்டு சீரமைத்தார்கள். இன்று நாம் நின்று ரசிக்கும் பளபளப்பு அப்போது வந்ததுதான்.

ஃபெயில் ஆனவருக்கு 75 ரூபாய்

செனட் ஹவுஸ் நிழலில் நின்றுகொண்டு கேட்க வேண்டிய கதைகள் நிறைய. முதலில், இந்தப் பல்கலைக்கழகத்தின் முதல் பட்டதாரிகள் யார்?

இருவர். சி.வை.தாமோதரம் பிள்ளை, கரோல் விசுவநாத பிள்ளை. இருவருமே யாழ்ப்பாணத்துக்காரர்கள். வட்டுக்கோட்டையில் படித்துவிட்டுக் கடல் கடந்து வந்தவர்கள். தாமோதரம் பிள்ளைதான் பின்னாளில் ஓலைச்சுவடியில் கிடந்த தொல்காப்பியப் பொருளதிகாரத்தையும் கலித்தொகையையும் தேடி எடுத்து அச்சிட்டவர்.

அடுத்தது, வீட்டில் பரீட்சைக் காய்ச்சலில் இருக்கும் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டிய கதை. கும்பகோணத்துப் பையன் ஒருவன். கணக்கில் புலி. மற்ற பாடங்களைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டான். எஃப்.ஏ. தேர்வில் தேறவே இல்லை. துறைமுகத்தில் மாதம் 30 ரூபாய்க்கு கிளார்க் வேலைக்குப் போனான். அவர்தான் ராமானுஜன். 1913-இல் இதே சென்னைப் பல்கலைக்கழகம் அவருக்கு மாதம் 75 ரூபாய் ஆராய்ச்சி உதவித்தொகை கொடுத்தது. தன் தேர்வில் தோற்ற ஒருவரை, அவர் கணக்கைப் பார்த்து ஆராய்ச்சியாளராக ஏற்றுக்கொள்ள அன்றைக்கு சிலர் விதியை வளைத்திருக்கிறார்கள். ஒரு வருடத்தில் ராமானுஜன் கேம்பிரிட்ஜுக்குக் கப்பல் ஏறினார். அவர் தன் கைப்பட எழுதிய நோட்டுப் புத்தகங்கள் இன்றும் இந்தப் பல்கலைக்கழக நூலகத்தின் சொத்து.

நூலகருக்கு வேலை போரடித்தது!

அந்த நூலகத்துக்கும் ஒரு கதை உண்டு. 1924-இல் பல்கலைக்கழகத்துக்கு நூலகர் வேண்டும் என்று தேடியபோது வந்து சேர்ந்தவர் சீர்காழியில் பிறந்த எஸ்.ஆர்.ரங்கநாதன். மாநிலக் கல்லூரியில் கணித ஆசிரியராக இருந்தவர். நூலகர் நாற்காலியில் உட்கார்ந்த சில நாள்களிலேயே அவருக்குச் சலித்துவிட்டது. பேச ஆள் இல்லை, செய்ய வேலை இல்லை. பழையபடி கணக்குப் பாடமே எடுக்கிறேன் என்று கிளம்பிவிட்டார். 'முதலில் லண்டன் போய் நூலகவியல் படித்துவிட்டு வாருங்கள், அப்புறமும் பிடிக்கவில்லை என்றால் பார்த்துக்கொள்ளலாம்' என்று சொல்லித்தான் அவரை அனுப்பிவைத்தார்கள்.

லண்டனில் ஒரு பெரிய கடையில் மெக்கானோ என்ற விளையாட்டுப் பொருளைப் பார்த்தார். துண்டு துண்டான தகடுகளையும் திருகுகளையும் மாற்றி மாற்றிப் பூட்டினால் புதுப்புது வடிவங்கள் வரும். புத்தகங்களின் பொருளையும் இப்படித் துண்டுகளாகப் பிரித்துச் சேர்த்து வகைப்படுத்தினால் என்ன என்று தோன்றியது. அதிலிருந்து பிறந்ததுதான் 1933-இல் வெளிவந்த கோலன் பகுப்பு முறை. 1931-இல் அவர் எழுதிய நூலகத்துக்கான ஐந்து விதிகளை உலகம் முழுக்க நூலகவியல் மாணவர்கள் இன்றும் படிக்கிறார்கள். புத்தகத்தைப் பூட்டிப் பாதுகாப்பது முக்கியமில்லை, படிக்கிறவர் கைக்குப் போய்ச் சேர வேண்டும் என்பதுதான் அவற்றின் சாரம். சொன்னதோடு நிற்காமல், அலமாரிகளைத் திறந்துவிட்டு வாசகர்களே புத்தகம் எடுக்கவும் வழி செய்தார். 'போரடிக்கிறது' என்று சொன்னவர், 20 வருடம் இங்கே நூலகராக இருந்தார்.

வீட்டில் சொல்லுக்குப் பொருள் தேடும்போது 'லெக்சிகன்ல பாரு' என்பார்களே, அந்தத் தமிழ் லெக்சிகனும் இந்தப் பல்கலைக்கழகம் கொடுத்ததுதான். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்தது. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள் கொண்டது. அதன் பதிப்பாசிரியராக இருந்து வேலையை முடித்துக் கொடுத்தவர் எஸ்.வையாபுரிப் பிள்ளை.

எரிந்த மகால் எழுந்தது

வாலாஜா சாலையைத் தாண்டினால் எழிலகம். அரசு அலுவலகங்களுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருப்பது நவாபின் அசல் அரண்மனை. கலச மகால், ஹுமாயூன் மகால் என்று இரண்டு பகுதிகள். நடுவில் உள்ள கோபுரத்தைப் பிற்பாடு சேர்த்தவர் நம்ம சிஷோம்தான். இது கல்விக்கூடம் இல்லை என்றாலும், நடையில் இங்கே கொஞ்சம் நிற்க வேண்டும்.

2012 ஜனவரி நடு இரவில் கலச மகாலில் தீப்பிடித்தது. கூரை இடிந்து விழுந்தது. அணைக்கப் போன தீயணைப்பு அதிகாரி ஒருவர் உயிரிழந்தார். விடிந்தபோது கரிந்த சுவர்கள் மட்டும் நின்றன. இனி இது தேறாது என்று நினைத்தவர்கள் உண்டு. ஆனால், பொதுப்பணித் துறை பழைய முறையில் சுண்ணாம்புச் சாந்து குழைத்து, பல வருட வேலையில் அதை மீண்டும் நிமிர்த்திவிட்டது. தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு இப்போது அங்கேதான் இயங்குகிறது.

இருநூறு வருடத்துக்கு மேற்பட்ட கட்டடத்தையும் மனது வைத்தால் மீட்க முடியும். இதை நினைவில் வைத்துக்கொண்டு அடுத்த வாசலுக்குப் போவோம்.

மாமாவும் மருமகனும் அல்ல… சித்தப்பாவும் மகனும்!

மாநிலக் கல்லூரி. இன்னமும் 'பிரசிடென்சி' என்றால்தான் ஆட்டோக்காரருக்கு உடனே புரியும். 1840-இல் சின்னப் பள்ளிக்கூடமாகத் தொடங்கி, 1855-இல் கல்லூரி ஆனது. அதாவது, பல்கலைக்கழகத்தைவிட மூத்தது. கடலைப் பார்த்த இந்தச் சிவப்புக் கட்டடத்தை 1870-இல் எடின்பரோ கோமகன் திறந்துவைத்தார். செனட் ஹவுஸைக் கட்டிய அதே சிஷோம்தான் இதையும் கட்டினார். ஆனால், இதில் இத்தாலிய பாணி தூக்கல். ஒரே ஆளின் கை, பத்து வருடத்துக்குள் எப்படி மாறியிருக்கிறது என்று குழந்தைகளைக் கண்டுபிடிக்கச் சொல்லலாம். உச்சியில் நான்கு பக்கமும் முகம் காட்டும் கடிகாரம் உள்ள குவிமாடத்துக்கு, இங்கே முதல்வராக இருந்த தாவரவியல் பேராசிரியர் ஃபைசனின் பெயர்.

1903 ஜனவரியில் 14 வயதுப் பையன் ஒருவன் இங்கே பி.ஏ. வகுப்பில் போய் உட்கார்ந்தான். பேராசிரியர் அவனை ஏற இறங்கப் பார்த்து, நீ இந்த வகுப்பு மாணவன்தானா என்று கேட்டாராம். பின்னாளில் சர் சி.வி.ராமன் தானே சொன்ன கதை இது. 1906-இல், மாணவராக இருக்கும்போதே அவருடைய முதல் ஆய்வுக் கட்டுரை லண்டன் இதழ் ஒன்றில் வெளிவந்தது. 1930-இல் நோபல் பரிசு.

அதே 1930-இல் இந்தக் கல்லூரியில் படிப்பை முடித்துவிட்டு இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறினார் ராமனின் அண்ணன் மகன் சந்திரசேகர். போகும் வழியில் கப்பலிலேயே நட்சத்திரங்களின் முடிவைப் பற்றிக் கணக்குப் போட்டார். அந்த ஆராய்ச்சிக்கு 1983-இல் நோபல். சித்தப்பாவும் மகனுமாக ஒரே கல்லூரி வாசலில் இருந்து இரண்டு நோபல் பரிசுகள்!

கல்லூரி வளாகத்தில், சாலையில் இருந்தே தெரியும்படி ஒரு சிலை இருக்கிறது. தலைப்பாகையும் அங்கவஸ்திரமுமாக நிற்பவர், உ.வே.சாமிநாத ஐயர். கும்பகோணம் கல்லூரியில் தமிழ் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தவர், 1903-இல் மாற்றலாகி இங்கே வந்தார். 1919 வரை இங்கேதான் தமிழாசிரியர். பகலில் வகுப்பு, மற்ற நேரமெல்லாம் சுவடி. பதிற்றுப்பத்தும் பரிபாடலும் அவர் கையால் அச்சேறியது இந்தக் காலத்தில்தான்.

நின்றதும் போனதும்

சிலையைப் பார்த்த சூட்டோடு ஒரு கேள்வி வரும். அவர் வாழ்ந்த வீடு எங்கே?

இங்கிருந்து நடந்து போகிற தூரத்தில், திருவல்லிக்கேணி பிள்ளையார் கோயில் தெருவில் இருந்தது. அதன் பெயர் 'தியாகராஜ விலாசம்'. தனக்கு உதவியவரின் பெயரை அதற்குச் சூட்டி, பல வருடம் அந்த வீட்டில் இருந்துதான் பதிப்பு வேலை பார்த்தார். 2012-இல் அந்த வீடு இடிக்கப்பட்டது.

அதே 2012-இல்தான் கலச மகால் எரிந்தது. எரிந்த அரண்மனை மீண்டுவிட்டது. தீ தொடாத தமிழ்த் தாத்தாவின் வீடு போய்விட்டது. இரண்டுக்கும் இடையே ஒரு கிலோமீட்டர்கூட இருக்காது. அந்தத் தெருவில் தினமும் நடந்த எத்தனை பேருக்கு அது யார் வீடு என்று தெரிந்திருக்கும்? தெரிந்தவர்கள் கொஞ்சம் பேர்தான் குரல் கொடுத்தார்கள். அது போதவில்லை.

மாணவிகள் மீட்ட வளாகம்

கண்ணகி சிலையைத் தாண்டி நடந்தால் வட்டமான முகப்போடு விவேகானந்தர் இல்லம். 1842-இல் அமெரிக்காவிலிருந்து கப்பலில் வந்த ஐஸ் கட்டிகளைச் சேமிக்கக் கட்டியது. அதனால்தான் அந்த ஏரியாவுக்கே 'ஐஸ் ஹவுஸ்' என்று பெயர் நிலைத்தது. 1897-இல் விவேகானந்தர் இங்கே தங்கினார். வெளியில் இருந்து பார்த்துவிட்டு நடையைத் தொடரலாம்.

கடைசி நிறுத்தம், ராணி மேரி கல்லூரி. சென்னையின் முதல் மகளிர் கல்லூரி. 1914 ஜூலையில், ஹோட்டலாக இருந்த 'கேப்பர் ஹவுஸ்' என்ற பங்களாவில் வகுப்புகள் ஆரம்பித்தன. முதல் முதல்வர் டோரதி டி லா ஹே. பெண்ணை வெளியூர் அனுப்பிப் படிக்கவைப்பதைக் குடும்பங்கள் யோசித்துக்கூடப் பார்க்காத காலம். 22 வருடம் இங்கே இருந்து, அந்தத் தயக்கத்தை உடைத்தவர்களில் அவரும் ஒருவர்.

அப்படி வந்த பெண்களில் ஒருவர் தலச்சேரியைச் சேர்ந்த ஜானகி அம்மாள். ராணி மேரியில் பட்டம், மாநிலக் கல்லூரியில் 1921-இல் தாவரவியல் ஆனர்ஸ், பிறகு அமெரிக்காவில் மிச்சிகன் பல்கலைக்கழகம். கோயம்புத்தூர் கரும்பு ஆராய்ச்சி நிலையத்தில் அவர் செய்த வேலை உலக அளவில் பேசப்பட்டது. கடைசிக் காலத்தில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் மதுரவாயல் ஆய்வுக்கூடத்தில் வேலை செய்துகொண்டே, 1984-இல் அங்கேயே கண்ணை மூடினார். நாம் இன்று நடந்து வந்த மூன்று நிறுவனங்களும் அந்த ஒரு பெண்ணின் வாழ்க்கையில் இருக்கின்றன.

இந்தக் கல்லூரியும் ஒருமுறை தப்பிப் பிழைத்ததுதான். 2003 ஏப்ரலில், இதை இடித்துவிட்டு இந்த இடத்தில் புதிய தலைமைச் செயலகம் கட்டுவது என்று அன்றைய அரசு முடிவு செய்தது. செய்தி தெரிந்ததும் மாணவிகள் வெளியேற மறுத்தார்கள். இரவும் பகலும் வளாகத்துக்குள்ளேயே உட்கார்ந்தார்கள். பேராசிரியர்கள், பழைய மாணவிகள், பாரம்பரியக் கட்டட ஆர்வலர்கள், அரசியல் கட்சிகள் என்று ஆதரவு சேர்ந்தது. விஷயம் நீதிமன்றத்துக்கும் போனது. கடைசியில் திட்டம் கைவிடப்பட்டது.

அன்று அங்கே உட்கார்ந்த பெண்களில் பலர் குடும்பத்தில் முதன்முதலாகக் கல்லூரி வாசலை மிதித்தவர்கள். அரசுக் கல்லூரி என்பதால், குறைந்த கட்டணத்தில், மீனவர் குப்பத்திலிருந்தும் பெண்கள் நடந்து வந்து படிக்கும் இடம் அது. அவர்களுக்கு அது வெறும் பழைய கட்டடமாக இருந்திருந்தால், வேறு இடம் கொடுத்ததும் போயிருப்பார்கள். முதல் வகுப்பு நடந்த கேப்பர் ஹவுஸ் இன்று இல்லை. கல்லூரி இருக்கிறது. இப்போதும் காலையில் மணி அடித்தால் மாணவிகள் ஓட்டமும் நடையுமாக உள்ளே போகிறார்கள்.

இந்த நடைக்கு வருகிறவர்களில் ராணி மேரியில் படித்த அம்மாவோ பாட்டியோ இருந்துவிட்டால், அந்த இடத்தில் வழிகாட்டி மைக்கைக் கொடுத்துவிட்டு ஒதுங்கிக்கொள்வதே உத்தமம். எந்த மரத்தடியில் சாப்பாட்டு டப்பா திறந்தார்கள் என்பதில் ஆரம்பித்து எல்லாம் வந்துவிடும். உங்கள் வீட்டிலும் இந்த வரிசையில் எங்கேயாவது படித்த ஒருவர் இருப்பார். அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.

நீங்களும் நடக்க…

* எப்போது: டிசம்பர் முதல் பிப்ரவரி வரை வெயில் குறைவு. மற்ற மாதங்களில் காலை ஆறரை மணிக்கே ஆரம்பித்துவிடுங்கள். வழிகாட்டியோடு போக வேண்டுமென்றால், ஆகஸ்டில் மெட்ராஸ் தின நிகழ்ச்சி அறிவிப்புகளைக் கவனியுங்கள்.

* எப்படி: பறக்கும் ரயிலில் சேப்பாக்கம் நிலையத்தில் இறங்கி வாலாஜா சாலை வழியாகக் கடற்கரைக்கு வாருங்கள். நடை முடியும் ராணி மேரி கல்லூரிக்குப் பக்கத்தில் கலங்கரை விளக்கம் நிலையம் இருக்கிறது.

* அனுமதி: எல்லாமே வகுப்பு நடக்கும் வளாகங்கள். நினைத்தபடி உள்ளே போக முடியாது. குழுவாகப் போவதாக இருந்தால் முன்கூட்டியே எழுதிக் கேளுங்கள். அனுமதி கிடைக்காவிட்டாலும் முகப்புகள் எல்லாவற்றையும் நடைபாதையில் நின்றே பார்க்கலாம்.

* கையில்: தொப்பி, தண்ணீர், பழைய செருப்பு. குழந்தைகளுக்கு ஒரு நோட்டும் பென்சிலும் கொடுத்து, பிடித்த குவிமாடத்தை வரையச் சொல்லுங்கள். போட்டோவைவிட அது மனதில் நிற்கும்.

* பசித்தால்: திருவல்லிக்கேணி ரத்னா கஃபேயில் சாம்பாரில் மிதக்கும் இட்லி. அதற்கப்புறம் வேண்டுமானால் கடலைப் பார்க்கப் போகலாம்!